நிலம் யாருடையது, யார் கையில் இருக்கிறது: நிலத் தகராறு வழக்குகள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காவிரிப் படுகையில் ஒரு தாலுகா ஊரில் சிவில் வழக்குகள் நடத்துகிறேன். என்னிடம் வருபவர்கள் பெரும்பாலும் நிலத்தோடுதான் வருகிறார்கள். கேட்கும் கேள்விகளும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆனால் ரொம்பத் தாமதமாக வந்து கேட்கிறார்கள். இரண்டு வருடம் முன்னால் வந்திருந்தால் ஒரு மனுவில் முடிந்திருக்கும் என்று சொல்ல நேரும்போது மனசு கஷ்டப்படுகிறது. அதனால் எழுதி வைக்கிறேன். இதெல்லாம் தமிழ்நாட்டு நிலங்களுக்கானது.

படிக்கத் தொடங்கும் முன் ஒன்றை மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். நிலம் யாருடையது என்பது ஒரு கேள்வி, அது உரிமை. நிலம் யார் கையில் இருக்கிறது என்பது வேறு கேள்வி, அது சுவாதீனம். கிரயப் பத்திரத்தில் "இன்று முதல் சர்வ சுதந்திரமாய் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது" என்று எழுதுகிறோமே, அந்த ஒரே வரிக்குள் இரண்டும் இருக்கின்றன. வழக்கு என்று வந்துவிட்டால் கோர்ட் இரண்டையும் தனித்தனியாகத்தான் பார்க்கும்.

பட்டா என் பேரில் இருக்கிறது. அது போதாதா?

போதாது. பட்டா வருவாய்த்துறைப் பதிவு. நிலவரி யாரிடம் வசூலிப்பது என்பதற்காக வைத்திருக்கும் கணக்கு. உச்ச நீதிமன்றம் இதைப் பலமுறை சொல்லிவிட்டது: பட்டா உரிமையைக் கொடுக்காது, எடுக்கவும் செய்யாது.

1979-ல் தொடங்கி எண்பதுகளில் நடந்த யு.டி.ஆர். நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தில் பெயர்களும் பரப்பளவும் மாறிப் பதிவான நிலங்கள் ஊருக்கு ஊர் உண்டு. அண்ணன் தம்பி நாலு பேர் நிலம் மூத்தவர் பேரில் மட்டும் ஏறியிருக்கும். அந்தக் காலத்தில் யாரும் கவனிக்கவில்லை. இப்போது பேரன்கள் காலத்தில் வெடிக்கிறது.

அதற்காகப் பட்டாவுக்கு மதிப்பே இல்லை என்று நினைத்துவிட வேண்டாம். சுவாதீனத்தைக் காட்ட அது உதவும். பிழை இருந்தால் தாசில்தாரிடமும், அங்கே தீராவிட்டால் கோட்டாட்சியரிடமும், அதற்கு மேல் மாவட்ட வருவாய் அலுவலரிடமும் போகலாம். உரிமையே தகராறில் இருந்தால் அவர்களும் "சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்" என்றுதான் உத்தரவு போடுவார்கள்.

என்னென்ன காகிதங்களைத் தேடி எடுக்க வேண்டும்?

உரிமைக்கு: உங்கள் பத்திரம், அதற்கு முந்தைய தாய்ப்பத்திரம், அதற்கும் முந்தையது என்று எவ்வளவு பின்னால் போக முடியுமோ அவ்வளவு. பாகப்பிரிவினை, செட்டில்மென்ட், விடுதலைப் பத்திரம், உயில் எதுவாக இருந்தாலும் எடுங்கள். வில்லங்கச் சான்றை 1975 முதல் இணையத்திலேயே பார்க்க முடிகிறது. அதற்கு முந்தையதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் மனுப் போட்டு வாங்க வேண்டும். வில்லங்கத்தில் பதிவான பத்திரங்கள் மட்டுமே வரும். வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டதோ, பதியாத உயிலோ, இறந்தவரின் வாரிசுகளோ அதில் தெரியாது.

உயில் இருந்தால் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்கள் உயிரோடு இருக்கிறார்களா என்று உடனே விசாரியுங்கள். உயிரோடு இருந்தால், அவர்களில் ஒருவராவது வந்து சொன்னால்தான் உயில் நிரூபணமாகும்.

சுவாதீனத்துக்கு: அடங்கல் என்கிற கிராமப் பயிர்க் கணக்கு, கிஸ்தி (நிலவரி) ரசீது, மோட்டார் மின் இணைப்பு அட்டை, கூட்டுறவு சங்கப் பயிர்க்கடன் தாள், வீடாக இருந்தால் வீட்டுவரி ரசீது. ஒரு பெரியவர் முப்பது வருட கிஸ்தி ரசீதுகளைக் கம்பியில் குத்தி, அப்படியே தூக்கிக்கொண்டு வந்தார். கம்பி துருவேறி ஒவ்வொரு ரசீதின் நடுவிலும் பழுப்பாக ஓட்டை. சிலவற்றில் அந்த ஓட்டை சர்வே எண்ணையே தின்றிருந்தது. மீதியை வைத்து வழக்கு நடத்தினோம். உங்கள் ரசீதுகளை இன்றைக்கே கம்பியிலிருந்து கழற்றி உறையில் போட்டுவிடுங்கள்.

பக்கத்து நிலத்துக்காரர் வரப்பை நகர்த்திவிட்டார். நேரே கோர்ட்டுக்குப் போகலாமா?

முதலில் அளக்கச் சொல்லுங்கள். கட்டணம் கட்டி மனுக் கொடுத்தால் அரசு சர்வேயர் வந்து, எஃப்.எம்.பி. என்கிற புலப்படத்தை வைத்து அளந்து காட்டுவார். எதிர்ப் பக்கத்துக்காரருக்கும் நோட்டீஸ் போக வேண்டும். அவர் இல்லாமல் அளந்தால் பிறகு ஒத்துக்கொள்ள மாட்டார்.

அளந்தும் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் வழக்கு. அதில் ஒரு வழக்கறிஞரை ஆணையராக நியமித்து, சர்வேயரோடு போய் அளந்து அறிக்கை தரச் சொல்லும்படி கோர்ட்டைக் கேட்கலாம். ஊரில் "கமிஷன் போடுவது" என்கிறோமே, அதுதான்.

ஒரு வழக்கில் கமிஷனர் வந்த அன்று நானும் வயலில் இருந்தேன். மூன்று சர்வே எண்கள் கூடும் இடத்தில் இருக்க வேண்டிய கல்லைக் காணோம். கருவேலம் புதருக்குள் தலையாரி கடப்பாரையால் குத்திக்கொண்டே போனார். ஒரு இடத்தில் டங் என்றது. ஒன்றரை அடி மண்ணைத் தள்ளிப் பார்த்தால், தலையில் அம்புக்குறி வெட்டிய பழைய கல். அங்கிருந்து சங்கிலி போட்டுப் பார்த்தபோது வரப்பு ஒரு முனையில் சரியாக இருந்தது, மறுமுனையில் நாலடி உள்ளே வந்திருந்தது. ஒரே இரவில் யாரும் நகர்த்தவில்லை. வருடா வருடம் வரப்போரம் செதுக்கி அண்டை வெட்டும்போது மண்வெட்டி ஒரே பக்கமாகச் சாய்ந்திருக்கிறது. இரண்டு பேரும் பங்காளிகள். கல்லைப் பார்த்ததும் பேச்சே நின்றுவிட்டது. அறிக்கை தாக்கலான அடுத்த வாய்தாவிலேயே ராஜியாகிவிட்டார்கள்.

கமிஷனர் இருப்பதைப் பார்த்து எழுதலாம்: வரப்பு எங்கே, கிணறு எங்கே, என்ன பயிர் நிற்கிறது என்று. நிலம் யார் சுவாதீனத்தில் இருக்கிறது என்று அவர் முடிவு சொல்ல முடியாது. அது சாட்சியத்தை வைத்து நீதிபதி தீர்மானிப்பது.

போலீஸில் புகார் கொடுத்தால் போதாதா?

அடிதடி, மிரட்டல், வேலியைப் பிடுங்கியது, போலிப் பத்திரம் தயாரித்தது இவற்றுக்குக் கொடுக்கலாம், கொடுக்கவும் வேண்டும். நில அபகரிப்புப் புகார்களுக்கென்று 2011 முதல் காவல்துறையில் சிறப்புப் பிரிவுகளும் உண்டு. ஆனால் நிலம் யாருடையது என்று ஸ்டேஷனில் முடிவு செய்ய முடியாது. எழுதி வாங்கிக்கொள்கிறேன் என்று யாராவது சொன்னால், அங்கே உட்கார்ந்து நிலத்தை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள்.

தகராறு முற்றி அமைதி கெடும் நிலை வந்தால் போலீஸ் அறிக்கையின் பேரில் கோட்டாட்சியர் விசாரிக்கலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 145-வது பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 164. சுவாதீனத்தில் யார் இருந்தார் என்பதை மட்டுமே அவர் பார்ப்பார். சிவில் கோர்ட் வேறு சொன்னால் அதுதான் நிற்கும்.

என்னை வலுக்கட்டாயமாக வெளியேற்றிவிட்டார்கள். நிலத்துக்குப் பத்திரம் சரியாக இல்லை. என்ன செய்வது?

இந்தக் கேள்வியோடு வருபவர்கள் அனேகமாக ஏழாவது மாதத்தில் வருகிறார்கள். ஆறு மாதத்துக்குள் வாருங்கள்.

1963-ஆம் ஆண்டு குறித்தவகைத் தீர்வுச் சட்டத்தின் 6-வது பிரிவு இதற்கென்றே இருக்கிறது. சட்டப்படியான வழியில் இல்லாமல், உங்கள் சம்மதம் இல்லாமல் உங்களை வெளியேற்றினால், வெளியேற்றிய நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டுச் சுவாதீனத்தைத் திரும்பப் பெறலாம். இதில் உரிமை யாருக்கு என்றே பார்க்க மாட்டார்கள். நேற்று வரை யார் இருந்தார், அவரை எப்படி வெளியேற்றினார்கள் என்பதுதான் கேள்வி. நிலத்தின் சொந்தக்காரரே அடியாட்களை வைத்து வெளியேற்றியிருந்தாலும் திருப்பிக் கொடுக்க வேண்டியதுதான். தன் உரிமையை அவர் தனி வழக்கில் நிரூபித்துக்கொள்ளட்டும். இந்தத் தீர்ப்பின் மேல் அப்பீல் கிடையாது. ஆனால் அரசாங்கத்துக்கு எதிராக இந்தப் பிரிவில் வழக்குப் போட முடியாது.

இந்தப் பிரிவின் மேல் எனக்குப் பெரிய மதிப்பு உண்டு. பத்திரம் இல்லாதவனையும் கையைப் பிடித்து வெளியே தள்ளக்கூடாது என்று சட்டம் சொல்லும் இடம் இது.

தடை உத்தரவு மட்டும் கேட்டு வழக்குப் போடலாமா? "அதுதான் செலவு கம்மி" என்கிறார்களே?

நல்ல உரிமை இருந்தும் தோற்றுப் போகிறவர்களை நான் அதிகம் பார்ப்பது இங்கேதான். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

மூன்று நிலைமைகள் உண்டு. முதலாவது: நிலம் உங்கள் கையில் இருக்கிறது, உங்கள் உரிமையை யாரும் பொருட்படுத்தும்படி மறுக்கவில்லை, ஒருவர் சும்மா வந்து தொந்தரவு செய்கிறார். இதற்கு நிரந்தர உறுத்துக்கட்டளை, அதாவது தடை உத்தரவு கேட்டால் போதும். இரண்டாவது: நிலம் உங்கள் கையில்தான் இருக்கிறது, ஆனால் எதிராளியும் ஒரு பத்திரத்தைக் காட்டி "எனக்குத்தான் சொந்தம்" என்கிறார். இங்கே "இந்தச் சொத்து எனக்குப் பாத்தியமானது" என்ற விளம்புகையும் கேட்க வேண்டும், தடையும் கேட்க வேண்டும். மூன்றாவது: உரிமையிலும் தகராறு, நிலமும் அவர் கையில். அப்போது விளம்புகையோடு சுவாதீனத்தை ஒப்படைக்கும்படியும் கேட்க வேண்டும்.

அனாதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-ல் இதைத் தெளிவாகப் பிரித்துச் சொன்னது. கீழ்க்கோர்ட்டுகளில் இன்றும் நிலத் தகராறு வாதம் அந்தத் தீர்ப்பைத் தொடாமல் முடியாது. நிலம் எதிராளி கையில் இருக்கும்போது வெறும் தடை கேட்டால், எதைத் தடுப்பது? வழக்குத் தள்ளுபடி. வெறும் விளம்புகை மட்டும் கேட்டு, கேட்டிருக்க வேண்டிய சுவாதீனத்தைக் கேட்காமல் விட்டாலும் அதே குறித்தவகைத் தீர்வுச் சட்டத்தின் 34-வது பிரிவின்படி விளம்புகையே கிடைக்காது.

எதிராளி தன் எதிர்வழக்குரையில் உங்கள் உரிமையை மறுத்துவிட்டால், அந்த வாரமே வக்கீலைப் பார்த்து வழக்குரையைத் திருத்த வேண்டுமா என்று கேளுங்கள். விளம்புகைக்குக் காலவரம்பு மூன்று வருடம். உரிமையின் அடிப்படையில் சுவாதீனம் கேட்க 12 வருடம்.

இன்னொன்று, சொத்து விவரம். சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நான்கெல்லை ஆகியவற்றை வக்கீல் ஆபீஸில் தட்டச்சு செய்த பிறகு நீங்களே பத்திரத்தோடு ஒப்பிட்டுப் படியுங்கள். தெற்கும் வடக்கும் மாறிப்போன டிக்ரியை, அதாவது தீர்ப்பாணையைக் கையில் வைத்துக்கொண்டு அலைந்தவர்கள் உண்டு.

இடைக்காலத் தடை உடனே கிடைக்குமா?

வழக்கோடு சேர்த்து மனுப் போடலாம். முகாந்திரம் இருக்கிறதா, தடை கொடுக்காவிட்டால் யாருக்கு அதிகக் கஷ்டம், பிறகு ஈடுகட்ட முடியாத நஷ்டம் வருமா என்று மூன்றைப் பார்ப்பார்கள். ரொம்ப அவசரம் என்றால் எதிராளிக்கு நோட்டீஸ் போகும் முன்பே கொடுப்பதும் உண்டு.

எதிராளி உங்கள் மேல் அப்படி வாங்கிவிடுவார் என்று பயமா? கேவியட் போட்டு வையுங்கள். 90 நாள் செல்லும். உங்களைக் கேட்காமல் உத்தரவு போட மாட்டார்கள்.

கோர்ட் கட்டணம் எவ்வளவு?

2017-ல் தமிழ்நாட்டில் ஏழரை சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைத்தார்கள். 20 லட்சம் மதிப்புள்ள மனைக்கு உரிமை விளம்புகையும் சுவாதீனமும் கேட்டால் 60 ஆயிரம். விளம்புகையும் தடையும் என்றால் பாதி மதிப்புக்குத்தான், அதனால் 30 ஆயிரம். தடை மட்டும் என்றால் ரொம்பக் குறைவு. மேலே சொன்ன தவறான வழக்குகள் பிறப்பது இந்த வித்தியாசத்தில்தான். விவசாய நிலத்துக்கு மதிப்புப் போடும் விதம் வேறு. வக்கீலிடம் கணக்கைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் வைத்துக் கொடுக்கும். தாலுகா கோர்ட் வளாகத்திலேயே அதன் அலுவலகம் இருக்கும். நேராகப் போய் மனுக் கொடுக்கலாம்.

பன்னிரண்டு வருடம் இருந்துவிட்டால் நிலம் அவனுக்கே சொந்தம் என்கிறார்களே?

பாதி உண்மை. எதிரிடை அனுபவம் என்று ஒன்று இருக்கிறது. ஆனால் சும்மா இருந்தால் வராது. சொந்தக்காரரின் உரிமையை மறுத்து, எல்லோருக்கும் தெரியும்படி, இடைவிடாமல் 12 வருடம் அனுபவித்திருக்க வேண்டும். குத்தகைக்கு வந்தவர், வாடகைக்கு வந்தவர், "சும்மா இருந்துக்கப்பா" என்று நீங்கள் விட்ட உறவினர் இவர்கள் எத்தனை வருடம் இருந்தாலும், அனுமதியில் இருக்கிறவர்கள்தான். அரசு நிலம் என்றால் 12 போதாது, 30 வருடம். கோயில் நிலத்தை மீட்கும் வழக்குக்குத் தமிழ்நாட்டில் காலவரம்பே இல்லை.

2019-ல் உச்ச நீதிமன்றம், எதிரிடை அனுபவத்தால் உரிமை பெற்றவர் தானே வாதியாக வந்தும் வழக்குப் போடலாம் என்றது. அதனால் வெளியூரில், வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு என் வேண்டுகோள்: நிலத்தை யாரிடமாவது விட்டிருந்தால் ஒரு தாளிலாவது எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். வருடம் ஒரு முறை வந்து வரப்பில் நின்று விட்டுப் போங்கள்.

அப்பா நிலத்தை அண்ணன்கள் பிரித்துக்கொண்டார்கள். பெண் பிள்ளைக்குப் பங்கு உண்டா?

அப்பா தன் சம்பாத்தியத்தில் வாங்கிய நிலம், உயில் எழுதாமல் இறந்துவிட்டார் என்றால், 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படியே மகன், மகள், மனைவி எல்லோருக்கும் சம பங்கு. கல்யாணத்துக்கு நகை போட்டதும் சீர் செய்ததும் அந்தப் பங்கைக் கழிக்காது.

பூர்வீகச் சொத்து என்றால், தமிழ்நாட்டில் 1989 மார்ச் 25 அன்று கல்யாணம் ஆகாமல் இருந்த மகள்களுக்கு முதலில் உரிமை வந்தது. 2005 செப்டம்பர் 9 முதல் மத்தியச் சட்டத் திருத்தம் எல்லா மகள்களுக்கும் கொடுத்தது. அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்று பல வருடம் குழப்பம். வேண்டியதில்லை, பிறப்பாலேயே உரிமை என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் முடித்து வைத்தது. 2004 டிசம்பர் 20-க்கு முன் முறையாகப் பதிந்து முடிந்த பாகப்பிரிவினையை மட்டும் இதை வைத்துக் கலைக்க முடியாது.

பாகப்பிரிவினை வழக்கில் இரண்டு தீர்ப்பாணைகள். முதனிலைத் தீர்ப்பாணை உங்களுக்கு எத்தனையில் ஒரு பங்கு என்று சொல்லும். எந்தத் துண்டு உங்களுக்கு என்பது கமிஷனர் பிரித்த பிறகு இறுதித் தீர்ப்பாணையில்தான் வரும். முதலாவது வந்ததும் ஜெயித்துவிட்டோம் என்று பல அக்கா தங்கைகள் வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். அடுத்த மனுவைப் போடும் வரை ஒரு சென்ட் நிலமும் கைக்கு வராது.

பவர் பத்திரத்தில் மனை வாங்கினேன். செல்லுமா?

உரிமை வராது. 2011-ல் சூரஜ் லேம்ப் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: பொது அதிகாரப் பத்திரமும் ஒப்பந்தமும் கிரயம் ஆகாது. எழுதிக்கொடுத்தவர் உயிரோடு இருக்கும்போதே கிரயத்தை முடித்துப் பதிந்துவிடுங்கள்.

வழக்கு நடக்கும்போதே எதிராளி நிலத்தை விற்றுவிட்டால்?

வாங்கியவரையும் உங்கள் தீர்ப்பு கட்டுப்படுத்தும். சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-வது பிரிவு அப்படித்தான் சொல்கிறது. இருந்தாலும் விற்கக்கூடாது என்று ஆரம்பத்திலேயே இடைக்கால உத்தரவு கேட்டுவிடுவது நல்லது. ஒவ்வொரு புது ஆளும் வழக்கை இன்னும் இழுப்பார்.

எத்தனை வருடம் ஆகும்? சமரசம் செய்துகொள்ளலாமா?

முதல் கோர்ட்டிலேயே சில வருடம். அதன் பிறகு அப்பீல்: மாவட்ட நீதிமன்றத்துக்கு 30 நாளில், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாளில். அதற்கு மேல் இரண்டாவது அப்பீல், சட்டக் கேள்வி இருந்தால் மட்டும். அப்பா போட்ட வழக்கை மகன் நடத்துவது என் மேசையில் அபூர்வம் இல்லை.

அதனால் சமரசத்துக்கு வழி தெரிந்தால் கதவைச் சாத்தாதீர்கள். மக்கள் நீதிமன்றத்தில் முடித்தால் அப்பீல் கிடையாது, கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பி வரும். கோர்ட்டுக்கு வெளியே இரு தரப்பும் தாங்களாகவே பேசி முடித்தாலும் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று, சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கில் 2021-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ராஜி பேசினால் எல்லையை மீட்டர் கணக்கில், வரைபடத்தோடு எழுதுங்கள். "புளியமரத்துக்கு மேற்கே" என்று எழுதினால் மரம் விழுந்ததும் அடுத்த வழக்கு.

ஜெயித்துவிட்டேன். அவர் காலி செய்யவில்லையே?

நிறைவேற்றுகை மனு போட வேண்டும். 12 வருடம் வரை போடலாம் என்றாலும் ஒரு நாளும் காத்திருக்க வேண்டாம். ஆறு மாதத்தில் முடிக்கச் சொல்லி 2021-ல் உச்ச நீதிமன்றம் கீழ்க்கோர்ட்டுகளுக்கு உத்தரவிட்டது. யாராவது குறுக்கே நின்றால் அதையும் அதே கோர்ட்டே விசாரிக்கும். தேவைப்பட்டால் போலீஸ் பாதுகாப்பும் கேட்டு வாங்கலாம்.

ஒப்படைப்பு நாளில் கோர்ட் ஊழியரான அமீனா வருவார். நிலத்தில் நின்று சொத்து விவரத்தை வாசித்து, நான்கெல்லையையும் சரிபார்த்து, உங்களிடம் ஒப்படைத்துக் கையெழுத்து வாங்குவார். அன்றைக்கே கல் நட்டு வேலி போட ஆட்களைத் தயாராக வைத்திருங்கள். அதன் பிறகு ஒப்படைப்பு ரசீதின் சான்று நகலையும் தீர்ப்பாணை நகலையும் எடுத்துக்கொண்டு அதே வாரம் பட்டா மாறுதலுக்கு மனுக் கொடுங்கள்.